ஆலைச் சங்கும் ஆலய மணியும்



மறைக்கல்வி வகுப்பில் ஒரு சிறுமி எழுந்து நின்று நம்மை ஒரு கேள்வி கேட்டாள். "சாமி, மார்ச் 19-ஆம் நாள் சூசையப்பருக்குத் திருவிழா கொண்டாடுகிறோம். மறுபடியும் மே முதல் நாளில் அவருக்கே இன்னொரு திருவிழா எதற்கு?" திருத்தந்தை பன்னிரண்டாம் பத்திநாதர் 1955-ஆம் ஆண்டில் தொழிலாளரான புனித சூசையப்பரின் விழாவை ஏற்படுத்தினார் என்று பதில் சொன்னோம். சிறுமி தலையசைத்து அமர்ந்துவிட்டாள். ஆனால் நமக்குத்தான் மனம் அமரவில்லை. ஆண்டில் 365 நாள்கள் இருக்க, மே முதல் நாளை ஏன் தேர்ந்துகொண்டார்? அந்த நாளுக்கு அதற்கு முன்பே ஒரு வரலாறு இருந்தது என்பதே விடை. அவ்வரலாற்றின் ஓர் ஏடு பிரான்சு நாட்டின் சிற்றூர் ஒன்றில், ஓர் ஆலயத்தின் முற்றத்தில், இரத்தத்தால் எழுதப்பட்டது. அவ்வூரின் பெயர் ஃபூர்மி. இம்மாதம் அவ்வூருக்கு உங்களை அழைத்துச் செல்ல விரும்புகிறோம்.

வேலிகளும் ஓடைகளும்

பிரான்சின் வடகோடியில் உள்ள மாவட்டத்துக்கு 'நோர்' என்று பெயர். 'வடக்கு' என்பதே அதன் பொருள். லீல் அதன் தலைநகர். சமவெளியும் நிலக்கரிச் சுரங்கமும் என்றே அம்மாவட்டத்தைப் பலரும் அறிவர். ஆனால் அதன் தென்கிழக்கு மூலை முற்றிலும் வேறு விதமானது. அவெனுவா எனப்படும் அப்பகுதியில் நிலம் மெல்ல மெல்ல ஏறி இறங்கும். உயிர்வேலிகளால் பிரிக்கப்பட்ட புல்வெளிகள், ஆப்பிள் தோப்புகள், மேயும் பசுக்கள், இடையிடையே காடுகள், அடிக்கடி பெய்யும் மழை - இவையே அங்குள்ள காட்சி. அங்கே மாறுவால் என்னும் ஊரில் இருந்த துறவு மடத்தின் பெயரைத் தாங்கிய பாலாடைக்கட்டி இன்றும் நாடெங்கும் புகழ் பெற்றது.

இந்தப் பகுதியில், பெல்சிய நாட்டு எல்லைக்குச் சில கல் தொலைவில் அமைந்துள்ளது ஃபூர்மி. அதன் நடுவே 'சிறிய எல்ப்' என்னும் சிற்றாறு ஓடுகிறது. அது மேற்கே சென்று சாம்ப்ர் ஆற்றில் கலக்கிறது. சாம்ப்ர் பெல்சியத்துக்குள் புகுந்து மியூசு ஆற்றோடு சேர்ந்து வடகடலை நோக்கிப் போகிறது. ஊருக்கு வெளியே காட்டின் ஓரத்தில் வரிசையாகச் சில குளங்கள் உள்ளன. லியெஸ்ஸி மடத்து ஆசீர்வாதப்பர் சபைத் துறவிகள் வெட்டியவை அவை. பிரெஞ்சுப் புரட்சியில் மடம் மறைந்தது. 'துறவிகளின் குளங்கள்' என்னும் பெயர் மட்டும் நிலைத்துவிட்டது.

ஃபூர்மி என்னும் பெயரை உச்சரித்தால், பிரெஞ்சு மொழியில் 'எறும்புகள்' என்பதற்கான சொல்லும் அதே ஒலியில்தான் ஒலிக்கும். சோம்பேறியே, எறும்பிடம் போய்க் கற்றுக்கொள் என்று நீதிமொழிகள் நூல் அறிவுறுத்துவது நமக்கு நினைவுக்கு வருகிறது. ஆனால் இவ்வூரின் மக்களுக்குச் சோம்பலைப் பற்றிய போதனை என்றுமே தேவைப்பட்டதில்லை. ஓய்வைப் பற்றிய போதனைதான் தேவைப்பட்டது. அதுவும் அவர்களுக்கு அன்று. அவர்களுக்கு வேலை கொடுத்தவர்களுக்கு.

கம்பளி வந்த கதை

பழங்காலத்தில் இவ்வட்டாரத்துக் குடியானவர்கள் கோடையில் நிலத்திலும், குளிர்காலத்தில் வீட்டுக்குள் இராட்டையிலும் உழைத்தார்கள். ஆளிச் செடியின் நாரிலிருந்து மெல்லிய நூல் நூற்பதில் அவர்கள் கைதேர்ந்தவர்கள். காட்டு விறகை நம்பி இரும்பு உலைகளும் கண்ணாடிப் பட்டறைகளும் நடந்தன. காலை, நண்பகல், மாலை என்று ஆலய மணி மூவேளை செபத்துக்கு ஒலிக்கும். அதுவே ஊரின் கடிகாரமாக இருந்தது.

19-ஆம் நூற்றாண்டு பிறந்ததும் நிலைமை மாறியது. தெயோஃபில் லெகிரான் என்பவர் 1825-ஆம் ஆண்டில் இங்கே கம்பளி நூற்பாலையைத் தொடங்கினார். நூற்கத் தெரிந்த கைகள் ஊரில் ஏற்கெனவே இருந்தன. கம்பளியைக் கழுவ ஆற்றுநீர் இருந்தது. எல்லைக்கு அப்பாலிருந்து பெல்சியத் தொழிலாளர்களும் வந்து சேர்ந்தார்கள். பின்னர் இருப்புப்பாதையும் வந்தது. ஒன்றன்பின் ஒன்றாக ஆலைகள் எழுந்தன. நூற்றாண்டின் தொடக்கத்தில் ஏறத்தாழ 2,000 பேர் வாழ்ந்த கிராமம், அதன் முடிவுக்குள் 15,000 பேர் வாழும் நகரமாயிற்று.

ஆட்டு உரோமம் நூலாவது எப்படி என்பதையும் சொல்லிவிடுகிறோம். முதலில் அதைக் கழுவி எண்ணெய்ப் பசையைப் போக்குவார்கள். பின்பு இயந்திரச் சீப்பால் சீவிக் குட்டை இழைகளை நீக்கி, நீண்ட இழைகளை மட்டும் ஒரே திசையில் படுக்க வைப்பார்கள். அதைத் திரும்பத் திரும்ப இழுத்து மெலியச் செய்து, இறுதியில் கதிர்களில் முறுக்கேற்றுவார்கள். இழை அறாமல் இருக்க, நூற்பு அறை வெப்பமாகவும் ஈரமாகவும் இருக்க வேண்டும். நூற்கதிர்களைத் தாங்கிய நீண்ட வண்டி முன்னும் பின்னும் ஓடிக்கொண்டேயிருக்கும். அறுந்த இழைகளை ஓடி ஓடிப் பிணைப்பது சிறுவர் சிறுமியரின் வேலை. வண்டியோடு நடந்து நடந்தே அவர்களுடைய நாள் கழியும். நாள் என்பது 12 மணி நேரம். சில இடங்களில் அதற்கும் மேல்.

இப்போது ஊரை எழுப்பியது ஆலய மணி அன்று, ஆலைச் சங்கு. விடியலில் அழைப்பதும் அதுவே, இரவில் விடுவிப்பதும் அதுவே. 1880-களில் வணிகம் தளர்ந்தபோது கூலி குறைந்தது; வேலை நேரம் மட்டும் குறையவில்லை.

1891 மே முதல் நாள்

அமெரிக்காவின் சிகாகோ நகரில் 1886-ஆம் ஆண்டு மே மாதத்தில் எட்டு மணி நேர வேலை கோரி நடந்த போராட்டத்தை நீங்கள் அறிவீர்கள். 1889-இல் பாரீசில் கூடிய பன்னாட்டுத் தொழிலாளர் மாநாடு, மே முதல் நாளை உலகெங்கும் கோரிக்கை நாளாகக் கொள்ள முடிவு செய்தது. 1890-இல் முதல் முறையாக அது நடந்தது. 1891-இல் ஃபூர்மித் தொழிலாளர்களும் அதில் கலந்துகொள்ள முடிவு செய்தார்கள். அவர்கள் திட்டமிட்டது கலகம் அன்று. காலையில் நகராட்சி மன்றத்தில் கோரிக்கை மனு, பிற்பகலில் நாடகம், இரவில் நடனம் - ஏறக்குறைய ஒரு திருவிழா.

ஆலை முதலாளிகளோ, அந்த நாள் வழக்கமான வேலை நாளே என்றும், வராதவர்கள் வேலை இழப்பார்கள் என்றும் அறிவித்தார்கள். நகரத் தலைவர் படையை வேண்டினார். படைகள் வந்து சேர்ந்தன. அன்று காலை 'லா சான் பரேல்' என்னும் ஆலையின் முன்னே கைகலப்பு ஏற்பட்டது. காவலர்கள் சில தொழிலாளர்களைப் பிடித்துச் சென்றார்கள். அதன்பிறகு, எட்டு மணி நேரம் என்னும் கோரிக்கையை முந்திக்கொண்டு மற்றொரு கோரிக்கை ஊரெங்கும் எழுந்தது: பிடித்துச் சென்ற நம் சகோதரர்களை விடுங்கள் என்பதே அது.

மாலை ஆறு மணியைத் தாண்டியபோது இளைஞர்களும் இளம்பெண்களும் அடங்கிய ஒரு கூட்டம் ஆலய முற்றத்துக்கு வந்தது. எதிரே படைவீரர்கள் அணிவகுத்து நின்றார்கள். கூட்டம் முன்னேற முயன்றது, கற்களும் பறந்தன. படைத் தலைவர் சுட ஆணையிட்டார். வீரர்கள் கையில் இருந்தவை 1886-ஆம் ஆண்டு வகையான லெபெல் துப்பாக்கிகள். புகை எழுப்பாத வெடிமருந்தைப் பயன்படுத்தியவை, அக்காலத்தில் புத்தம் புதியவை. எல்லாம் ஒரு நிமிடத்துக்குள் முடிந்துவிட்டது.

ஒன்பது பேர் இறந்தார்கள். முப்பதுக்கும் மேற்பட்டோர் காயமுற்றார்கள். இறந்தவர்களுள் ஒருவரைத் தவிர ஏனையோர் இருபது வயதை ஒட்டியவர்கள் அல்லது அதற்கும் இளையவர்கள். நால்வர் பெண்கள். மரியா புளோந்தோ என்னும் ஆலைத் தொழிலாளப் பெண், கையில் வசந்த காலப் பூங்கிளையோடு முன்வரிசையில் நடந்து வந்தவள் என்று அவ்வூரார் நினைவுகூர்கிறார்கள். கிளெபேர் ஜிலோத்தோ என்னும் இளைஞன் நாட்டின் மூவண்ணக் கொடியை ஏந்தி வந்தவன். தன் நாட்டுக் கொடியைப் பிடித்தவாறே தன் நாட்டுப் படையின் குண்டால் அவன் வீழ்ந்தான். எல்லாரினும் இளையவன் எமில் கோர்னாய், வயது 11. அவனுடைய சட்டைப் பையில் ஒரு பம்பரம் இருந்ததாகச் சொல்லப்படுகிறது.

அவ்வேளையில் பங்குக் குருவின் இல்லத்துக் கதவு திறந்தது. ஃபூர்மியின் பங்குக் குரு மார்ஜெரேன் அடிகளார் வெளியே ஓடி வந்தார். துப்பாக்கிகளுக்கும் மக்களுக்கும் இடையே நின்று, போதும், இனிச் சுடவேண்டாம் என்று படைத் தலைவரிடம் மன்றாடினார். பிறகு தம் உதவிக் குருக்களோடு சேர்ந்து, வீழ்ந்தவர்களைத் தூக்கித் தம் இல்லத்துக்குள் கொண்டுபோனார். அவர்களுள் ஆலயத்துக்கு வருவோர் யார், வராதோர் யார் என்று அவர் பார்க்கவில்லை. அவர்கள் தம் பங்கின் மக்கள் என்பது ஒன்றே அவருக்குப் போதுமாயிருந்தது.

இதை எழுதும்போது நம் பேனா சற்றே நின்றது என்பதை ஒப்புக்கொள்கிறோம். குருமடத்தில் நாம் தத்துவம் படித்தோம், இறையியல் படித்தோம், மறையுரை ஆற்றக் கற்றோம். துப்பாக்கி ஓசை கேட்கும்போது கதவைத் திறப்பதா, தாழிடுவதா என்பது எந்தப் பாடத்திலும் வரவில்லை. அது ஒருவன் அதுநாள் வரை தன் மக்களோடு எப்படி வாழ்ந்திருக்கிறான் என்பதைப் பொறுத்தது போலும்.

பதினான்கு நாள்கள்

ஃபூர்மியில் இரத்தம் சிந்தியது மே முதல் நாள். அதே மாதம் 15-ஆம் நாள் திருத்தந்தை பதின்மூன்றாம் சிங்கராயர் 'ரேரும் நோவாரும்' என்னும் சுற்றுமடலை வெளியிட்டார். இடையே இருந்தவை பதினான்கே நாள்கள். இதைக் கண்டு, ஃபூர்மி நிகழ்ச்சியால்தான் அம்மடல் எழுதப்பட்டது என்று யாரும் எண்ண வேண்டாம். அதற்கான உழைப்பு முன்பே தொடங்கியிருந்தது. 1889-இல் இலண்டன் துறைமுகத் தொழிலாளரின் வேலைநிறுத்தத்தில் கர்தினால் மானிங் நடுநிலை வகித்துச் சமரசம் கண்டார். அதே காலத்தில் பிரான்சிலிருந்து ஆயிரக்கணக்கான தொழிலாளர்கள் உரோமைக்குத் திருப்பயணம் சென்று திருத்தந்தையைக் கண்டு வந்தார்கள்.

அத்திருப்பயணங்களை முன்னின்று நடத்தியவர் லெயோன் ஆர்மெல் என்னும் பொதுநிலையினர். அவரும் ஒரு முதலாளி. அவருடைய ஆலையும் கம்பளி நூற்பாலையே. ரேன்ஸ் நகருக்கு அருகில் வால் தே புவா என்னுமிடத்தில் அது இருந்தது. அங்கே தொழிலாளர்களும் இடம்பெற்ற ஆலை மன்றம் ஒன்று இருந்தது. குடும்பச் சுமைக்கு ஏற்ப உதவி அளிக்கும் நிதியும் இருந்தது. அங்கும் ஃபூர்மியிலும் ஒரே கம்பளி, ஒரே இயந்திரம், ஒரே சந்தை. எனவே, வணிகம் அப்படித்தான் இருக்கும், வேறு வழியில்லை என்று சொல்லித் தப்பிக்க ஃபூர்மி முதலாளிகளுக்கு இடமில்லை. வேறு வழி அதே நாட்டிலேயே நடந்துகொண்டிருந்தது.

திருத்தந்தையின் மடல் சொன்னது என்ன? சொத்துரிமையை அது காத்தது. வகுப்புப் பகையை ஏற்கவில்லை. ஆனால் அதோடு நிற்கவில்லை. வேலை கேட்பவனும் கொடுப்பவனும் ஒப்புக்கொண்டுவிட்டால் எந்தக் கூலியும் நியாயமே என்னும் வாதத்தை மறுத்தது. பசியின் நெருக்கடியில் கொடுக்கும் சம்மதம் உண்மையான சம்மதம் அன்று. சிக்கனமாக வாழும் தொழிலாளி தன் வாழ்வைத் தாங்கப் போதுமான கூலி பெறுவது நீதி என்று தெளிவுபடுத்தியது. ஞாயிறு ஓய்வு மனிதனின் விருப்பம் மட்டுமன்று, கடவுளுக்குரிய கடன் என்றது. பெண்களையும் சிறுவரையும் அவர்கள் வலிமைக்கு மிஞ்சி உழைக்க வைக்கக் கூடாது என்றது. சங்கம் அமைத்துக்கொள்வது மனிதனின் இயல்பான உரிமை என்றது. ஃபூர்மியின் ஒன்பது கல்லறைகளை மனத்தில் வைத்து வாசித்தால், இவ்வரிகளுள் ஒன்றும் வெறும் கோட்பாடாகத் தோன்றாது.

நினைவும் அதன் பிழைகளும்

துப்பாக்கிச் சூட்டைப் பற்றி விசாரணை வேண்டும் என்னும் கோரிக்கையைப் பிரெஞ்சு நாடாளுமன்றம் ஏற்கவில்லை. நீதிமன்றக் கூண்டில் ஏறியவர்கள் தொழிலாளர் தலைவர்களே. உள்ளூர்த் தலைவர் குலீனுக்கு ஆறு ஆண்டும், காரல் மார்க்சின் மருமகன் போல் லஃபார்க்குக்கு ஓராண்டும் தண்டனை கிடைத்தது. லஃபார்க் சிறையில் இருந்தவாறே அவ்வாண்டு நவம்பரில் லீல் தொகுதியில் நாடாளுமன்ற உறுப்பினராகத் தேர்ந்தெடுக்கப்பட்டார்.

மற்றொரு செய்தியையும் நாம் மறைக்கலாகாது. அம்மாவட்டப் பகுதியின் துணை ஆட்சியர் யூத இனத்தைச் சேர்ந்தவர். அதைப் பிடித்துக்கொண்டு, எதுவார் துருமோன் என்னும் எழுத்தாளர், ஃபூர்மியின் குற்றம் முழுவதும் யூதர்மீது விழுமாறு 1892-இல் ஒரு நூல் எழுதினார். அவருடைய எழுத்துகளை விரும்பிப் படித்த கத்தோலிக்கர் அக்காலப் பிரான்சில் பலர். இறந்த பிள்ளைகளின் இரத்தத்தைக் கொண்டு ஓர் இனத்தின்மேல் வெறுப்பை எழுதுவது எவ்வளவு பெரிய பாவம்! ஏழைக்கு நீதி கேட்பதாகச் சொல்லிக்கொண்டு வேறொருவன்மீது பகை வளர்க்கும் பேச்சை நாம் எங்கே கேட்டாலும், அங்கே சற்று நின்று எண்ணிப் பார்க்க வேண்டும்.

சட்டங்கள் மெல்ல மெல்ல வந்தன. 1892 நவம்பரில் பெண்கள், சிறுவர்களின் வேலை நேரத்துக்கு வரம்பு விதிக்கப்பட்டது. 1906-இல் வார ஓய்வு சட்டமாயிற்று. அந்த இளைஞர்கள் கேட்ட எட்டு மணி நேரம் 1919 ஏப்ரலில் சட்டமாயிற்று. அவர்கள் இறந்து 28 ஆண்டுகள் ஆகியிருந்தன. 1947-இல் மே முதல் நாள் பிரான்சில் ஊதியத்துடன் கூடிய விடுமுறையாயிற்று. இந்தியாவில் அந்நாளை முதன்முதலில் கொண்டாடியவர் சிங்காரவேலர். இடம் நம் சென்னை, ஆண்டு 1923.

ஃபூர்மியோ பின்னாளில் தன் ஆலைகளையே இழந்தது. முதல் உலகப்போரின் நான்கு ஆண்டுகளும் அது செருமானியர் வசம் இருந்தது. போருக்குப் பின் சங்கு மீண்டும் ஒலித்தாலும் பழைய செழிப்பு திரும்பவில்லை. ரூபே போன்ற பெருநகர்களின் போட்டியும், பின்னர் வெளிநாட்டுப் போட்டியும் சேர்ந்து ஆலைகளை ஒவ்வொன்றாக மூடச் செய்தன. 1980-இல் ஒரு பழைய நூற்பாலை அருங்காட்சியகமாயிற்று. அன்றைய இயந்திரங்களையும் தொழிலாளர் வாழ்வையும் அங்கே காணலாம். இன்று ஊரின் மக்கள் தொகை ஏறத்தாழ 12,000. 1928-இல் தொடங்கிய மிதிவண்டிப் பந்தயத்தால்தான் வெளியூரார் பலர் அதன் பெயரை அறிவர்.

சட்டம் பெற்றுத் தந்தவர்களும் போனார்கள், ஆலையும் போனது. கேள்வி மட்டும் போகவில்லை. ஃபூர்மியின் நூறாவது நினைவு நாளான 1991 மே முதல் நாளன்றே, சிங்கராயரின் மடலின் நூற்றாண்டுக்கெனத் திருத்தந்தை இரண்டாம் அருள் சின்னப்பர் தம் சுற்றுமடலில் கையொப்பமிட்டார். 2025 மே மாதத்தில் தேர்ந்தெடுக்கப்பட்ட திருத்தந்தை பதினான்காம் லியோவும், அந்த மடலை எழுதியவரை நினைந்தே இப்பெயரைத் தேர்ந்ததாகக் கூறினார்.

நம் வீட்டு வாசலில்

வாசகர்களே, நம்முள் ஆலை முதலாளிகள் மிகச் சிலரே. ஆனால் நம் வீட்டில் பாத்திரம் துலக்க ஒரு பெண் வருகிறாள். நம் கடையில் ஒரு பையன் நாள் முழுவதும் நின்றுகொண்டேயிருக்கிறான். நம் தோட்டத்துக்கு ஒரு முதியவர் தண்ணீர் பாய்ச்சுகிறார். அவர்கள் எப்போது வருகிறார்கள் என்பது நமக்கு நிமிடக் கணக்கில் தெரியும். எப்போது வீடு திரும்புகிறார்கள் என்பது தெரியுமா? ஞாயிற்றுக்கிழமை அவர்கள் தம் பிள்ளைகளோடு அமர்ந்து உண்கிறார்களா?

இக்கேள்வியை உங்களிடம் கேட்கும் முன் நம்மிடமே கேட்டுக்கொண்டோம். நம் பங்கு இல்லத்தில் சமையல் செய்யும் அம்மா இங்கு வந்து ஒன்பது ஆண்டுகள் ஆகின்றன. ஞாயிறு தவறாமல் திருப்பலி முடிந்ததும் விருந்தினர் வருவார்கள். அவர் அடுப்படியில் நிற்பார். ஞாயிறு ஓய்வைப் பற்றி நாம் பீடத்தில் நின்று மறையுரை ஆற்றிய நாள்களிலும் அவர் அடுப்படியில்தான் நின்றார். ஒருநாளும் அவர் விடுப்புக் கேட்டதில்லை. கேட்காததையே நாம் சம்மதம் என்று எடுத்துக்கொண்டோம். சிங்கராயரின் மடல் மறுத்த வாதம் அதுவன்றோ?

இனி ஞாயிறு நம் இல்லத்தில் அடுப்பு எரியாது. வரும் விருந்தினர் சனிக்கிழமைச் சோற்றை நம்மோடு பகிர்ந்துண்ண அன்போடு அழைக்கப்படுகிறார்கள்.

அந்தச் சிறுமிக்கும் அடுத்த ஞாயிறு முழுப் பதிலைச் சொல்ல வேண்டும். மார்ச் மாதத்தில் சூசையப்பரை மரியன்னையின் துணைவராகவும் திருச்சபையின் காவலராகவும் வணங்குகிறோம். மே முதல் நாளிலோ, நாசரேத்துப் பட்டறையில் மாலை ஆனதும் உளியைக் கீழே வைத்துவிட்டு, மகனோடு அமர்ந்து உணவருந்திய தந்தையாக அவரை நினைக்கிறோம். பம்பரத்தோடு ஆலய முற்றத்தில் வீழ்ந்த பதினோரு வயதுச் சிறுவனையும் அன்று அவருடைய கையில் ஒப்படைப்போம்.